பெரியவர் அளவுகோலும் பிள்ளை உடம்பும்

திண்டிவனம்

சிரஞ்சீவி பேரனுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. மரக்காணம் கடைத்தெருவில் எடை பார்க்கும் எந்திரத்தில் ஏறி நின்றதாகவும், அது 40 கிலோ காட்டியதாகவும், உன் 156 சென்டிமீட்டர் உயரத்துக்குக் கணக்குப் போட்டால் 16.4 வருவதாகவும், 18.5-க்குக் குறைந்தவன் நோயாளி என்று எங்கோ படித்ததாகவும், வகுப்பில் நோஞ்சான் என்று அழைக்கிறார்களாகையால் புரோட்டீன் பவுடர் வாங்கப் பணம் வேண்டுமென்றும் எழுதியிருக்கிறாய். கணக்குச் சரி, அளவுகோல்தான் தப்பு.

உப்பளத்தில் கணக்கெழுதி, மூட்டை எடை போட்டே காலம் கழித்தவன் நான். பாத்தியிலிருந்து அன்று வாரிய ஈர உப்புக்கு ஓர் எடை. அதுவே அம்பாரத்தில் கிடந்து நீர் வடிந்த பின் வேறோர் எடை. எதை நிறுக்கிறோம் என்று தெரியாதவன் தராசை நம்பி என்ன பிரயோஜனம்? எடையை உயரத்தின் வர்க்கத்தால் வகுக்கும் இந்தச் சூத்திரம் கெத்தலே என்னும் பெல்ஜியத்துக் கணித அறிஞர் 1830-களில், வளர்ந்த மனிதர்களை அளந்து கண்டது, அந்த 18.5-ம் வளர்ந்தவர்களுக்கு வகுத்த எல்லையே. உன் பிராயத்தவர்க்கென்று உலக சுகாதார நிறுவனம் 2007-ல் வெளியிட்ட அட்டவணையில், 14 வயதுப் பையனுக்கு நடுவளவு 19, 15.5-க்குக் கீழே போனால்தான் மெலிவு, 21.8-க்கு மேல் மிகை. நீ எல்லைக்குள்ளேதான் இருக்கிறாய். சென்னையில் இருக்கும் உன் அத்தை மகனோ, அதே வயதில் 24 என்று வந்ததைப் பெரியவர் அட்டவணையில் வைத்துப் பார்த்து, தான் பூரண ஆரோக்கியம் என்று நினைத்துக்கொண்டிருக்கிறான். இந்தக் கடிதம் உண்மையில் அவனுக்குத்தான் போக வேண்டும். அவன் கடிதம் படிக்கிறவனல்ல.

சிலருக்குப் பன்னிரண்டில் வரும் வளர்ச்சி சிலருக்குப் பதினைந்தில் வரும். ஆண்பிள்ளைக்கு முதலில் எலும்பு நீளும்; தசை திரண்டு பலம் ஏறுவது அதற்குப் பின்னால். உன் அப்பன் பத்தாம் வகுப்புவரை டிரில் வரிசையில் முதல் ஆளாக, அதாவது எல்லோரிலும் குட்டையாக, நின்றவன். இன்றைக்கு நிலைப்படியில் குனிந்து வருகிறான்.

ஆயினும் மெலிவை அலட்சியம் செய்யச் சொல்லவில்லை. மத்திய அரசு 2016–18-ல் நடத்திய ஊட்டச்சத்துக் கணக்கெடுப்பில், இந்நாட்டுப் பத்து முதல் பத்தொன்பது வயதுப் பிள்ளைகளில் நூற்றுக்கு 24 பேர் மெலிந்தவர்கள். உன் விஷயத்தில் எனக்கு விசனம் தருவது எடையன்று, நித்திரை. தை பிறந்து அளத்தில் வேலை தொடங்கிவிட்டால், உன் வீட்டில் இரவு இரண்டு மணிக்கே விளக்கு எரிந்து, பலகையும் கூடையும் எடுக்கிற சத்தத்தில் நீயும் விழித்துவிடுகிறாய். பதினொரு மணிவரை செல்போனும் பார்த்தால் உறங்குவது எப்போது? வளர்ச்சிக்கான சுரப்பு பெரும்பாலும் ஆழ்ந்த உறக்கத்தில்தான் சுரக்கிறது; உனக்கு எட்டு மணி நேரமாவது வேண்டும். எட்டரைக்கே படுத்துவிடு; இரண்டு மணிச் சத்தத்தில் விழித்தாலும் மறுபடி உறங்கு.

அம்மா மூடி வைத்துப் போகிற பழைய சோற்றைத் தொடாமலே பஸ்ஸுக்கு ஓடுகிறாயாம். மத்தியானமும் தட்டேந்தி வரிசையில் நிற்க வெட்கமென்று சத்துணவைத் தவிர்க்கிறாயாம். அடே, காமராஜர் காலத்து மதிய உணவில் படித்தவன் நான்; 1982-ல் எம்.ஜி.ஆர். கொண்டுவந்த சத்துணவில் வளர்ந்தவன் உன் அப்பன். இரண்டு தலைமுறைக்கு இல்லாத கௌரவம் உனக்கு எங்கிருந்து வந்தது? முட்டை வேறு தருகிறார்கள்.

பவுடருக்குப் பணம் தரமாட்டேன். கடற்கரையில் மத்தி மீன் விற்க, டப்பாவில் புரதம் தேடுவானேன்? மூன்று மாதத்துக்கொரு முறை உயரத்தையும் எடையையும் குறித்து எனக்கு எழுது. நன்றாகச் சாப்பிட்டும் எடை இறங்கினாலோ, இருமலும் மாலைக் காய்ச்சலும் நீடித்தாலோ, ஓயாத தாகமும் அடிக்கடி சிறுநீரும் கண்டாலோ, எனக்கு எழுதிக்கொண்டிராமல் அன்றே அரசு ஆஸ்பத்திரிக்குப் போ.

டி.எம்.வி. ரக வேர்க்கடலையெல்லாம் எங்கள் திண்டிவனத்து ஆராய்ச்சி நிலையத்தில் பிறந்தவை என்பது உனக்குத் தெரியுமோ? நாளை காலை பஸ்ஸில் இரண்டு படி கொடுத்தனுப்புகிறேன். அவித்துத் தின்னு, பையைத் திருப்பி அனுப்பு.

தாத்தா