வாலைப் பார்த்தால் ஆள் தெரியும்

மலேசியாவில் எங்கள் ஊரான அம்பாங் பெச்சாவில் கறுப்பு வெள்ளையில் எது பறந்தாலும் எனக்கு முராய்தான். ஓய்வு பெறும்வரை அந்த அறிவே போதுமானதாக இருந்தது. பெர்த்திலிருக்கும் மகள் வீட்டுக்குப் போன இடத்தில் மாட்டிக்கொண்டேன்.

புல்தரையில் ஒரு குருவி. கறுப்பு முதுகு, வெள்ளை வயிறு, கண்ணுக்கு மேல் வெள்ளைக் கோடு.

"நம்ம ஊரு முராய் கீலாடா!" என்றேன்.

"இல்ல தாத்தா, வில்லி வாக்டெயில். தொண்டையப் பாருங்க, கறுப்பு" என்றான் பேரன்.

சரிதான். நம்மூர் முராய் கீலாவுக்குத் தொண்டை வெள்ளை, அதன் கீழே நெஞ்சில் கறுப்புப் பட்டை. ஆனால் நான் முழுக்கத் தோற்கவில்லை. இரண்டும் ரைபிடூரா என்கிற விசிறிவால் இனம், பங்காளிகள். பெயரில் வாக்டெயில் இருந்தாலும், நிஜ வாலாட்டிக் குருவிக்கும் அதற்கும் ஒட்டுறவு கிடையாது.

ஊர் திரும்பியதும் கோப்பியோடு வாசற்படியில் உட்கார ஆரம்பித்தேன். பைனாகுலர் வேண்டாம், அசையாமல் இருந்தால் போதும். நிறத்தை நம்பாதீர்கள், வெயிலுக்கு எதிரே எல்லாம் கறுப்புதான். வாலைப் பாருங்கள். தரையில் தத்தி, வாலைச் செங்குத்தாகத் தூக்கினால் முராய் கம்போங், தமிழ்நாட்டில் குண்டுகரிச்சான். இறக்கையில் வெள்ளைப் பட்டை இருக்கும். பெட்டைக்குக் கறுப்புக்குப் பதில் சாம்பல் நிறம். அதை வேறு பறவை என்றே பல வருஷம் நினைத்திருந்தேன். தோட்டத்தில் இருந்த நாட்களில், காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்கு முன்னால், இருட்டு விலகாத நேரத்தில் லயத்துக் கூரையில் பாடியது இதுதான்.

முராய் கீலா ஒரு கிளையில் நிலைக்காது. வாலை விசிறியாக விரித்து, இறகு நுனிகளின் வெள்ளை தெரிய, இந்தப் பக்கம் அந்தப் பக்கம் திரும்பும். மிரண்டு கிளம்பும் பூச்சியை எட்டிப் பிடிக்கும். மலாயில் கீலா என்றால் பைத்தியம்; ஆனால் இந்தப் பைத்தியம் எல்லாம் வயிற்றுக்குத்தான்! 1883-இல் அணை உடைந்த இடத்துக்கு அம்பாங் பெச்சா, அதாவது 'உடைந்த அணை' என்றே பெயர் வைத்த மலாய்க்காரர்கள், இதற்கும் கண்ணில் பட்டதையே வைத்துவிட்டார்கள். பெர்த்துக்காரன் வில்லியோ தரையில் நின்று வாலைப் பக்கவாட்டில் ஆட்டுவான்.

பாட்டுக்காக முராய் கம்போங்கைப் பிடித்துக் கூண்டில் அடைத்ததும் சேர்ந்துதான் சிங்கப்பூரில் அது அரிதாகிப் போனது. இங்கே அது பட்டுப்போன மரத்துப் பொந்தில் குஞ்சு பொரிக்கிறது. அப்படி ஒரு மரத்தை வெட்டுமுன், தயவுசெய்து பொந்தை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.