கியா பார்மிலிருந்து தாமான் நெகாரா வரை: ஒரு காடிப் பயணத்தைத் திட்டமிடுவோம்

செமஸ்டர் விடுமுறை நெருங்கினால் வாட்ஸ்அப் குழுவில் ஒரு படம் வந்து விழும். கேமரன் மலைத் தேயிலைத் தோட்டம், ராயல் பெலும் ஏரி, தாமான் நெகாரா தொங்கு பாலம் மூன்றையும் ஒரே கோட்டில் இணைத்து, "3 நாள், போலாமா?" என்று யாராவது போடுவார்கள். இருபது பேர் கட்டைவிரல் காட்டுவார்கள். புறப்படும் நாளில் எட்டுப் பேர் நிற்பார்கள். அது வேறு கதை. அந்தக் கோட்டை எப்படிச் சரியாகப் போடுவது என்பதுதான் இந்தப் பாடம்.

நம் பயணத்தின் நடுப்புள்ளி கியா பார்ம். ஏன் இந்த இடம்? கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 1,600 மீட்டர் உயரம். காய்கறிச் சந்தை, ஸ்ட்ராபெர்ரி எல்லாம் இருக்கட்டும். நமக்கு முக்கியம் சாலைதான். இங்கிருந்து பிரிஞ்சாங் பக்கம் கொஞ்சம் போனால் 2,032 மீட்டர் உயர பிரிஞ்சாங் மலைக்கு ஏறும் குறுகிய பாதை பிரிகிறது. எதிர்ப்பக்கம் திரிங்காப், கோலா தெர்லா, கம்போங் ராஜா என்று போனால் ஒரு கிளை சிம்பாங் பூலாய்க்கும் இன்னொரு கிளை லோஜிங் வழியாக குவா மூசாங்கிற்கும் இறங்குகிறது. குவா மூசாங்கிலிருந்து மெராப்போ பக்கம்தான். தாமான் நெகாராவின் மேற்கு வாசல் அது. நம்மில் பலருக்கு தாமான் நெகாரா என்றாலே குவாலா தாஹான் மட்டும்தான் தெரியும். தாஹான் மலை (2,187 மீட்டர்) ஏறுபவர்களில் நிறைய பேர் மெராப்போ வழியாகத்தான் போகிறார்கள்.

திட்டத்தில் முதல் வேலை எதைச் சேர்ப்பது என்பதல்ல, எதை வெட்டுவது என்பது. நான் பெலும் காட்டை வெட்டுவேன். அழகில் குறைவில்லை. ஆனால் அது வடக்கே கெரிக் பக்கம், படகும் அனுமதியும் தனியாக ஏற்பாடு செய்ய வேண்டும், குறைந்தது இரண்டு நாள் கேட்கும். இதையும் 3 நாளில் திணித்தால் இரவில் ஓட்டியே தீர வேண்டும். 2025 ஜூன் 9-ஆம் தேதி நள்ளிரவு தாண்டிய நேரத்தில், கெரிக் கிழக்கு-மேற்கு நெடுஞ்சாலையில் பேருந்து கவிழ்ந்து சுல்தான் இட்ரிஸ் கல்வியியல் பல்கலைக்கழக மாணவர்கள் 15 பேர் இறந்தார்கள். நம் வயதுப் பிள்ளைகள். அதை மறந்துவிட்டு மலைச்சாலையில் இரவுப் பயணம் போடக்கூடாது.

ஆக, 5 நாள். முதல் நாள் சிம்பாங் பூலாய் வழியாக ஏறி கியா பார்ம். தாப்பா வழி பழையது. லாத்தா இஸ்கண்டார் நீர்வீழ்ச்சி வழியில் இருக்கிறது என்றாலும், வளைவுகள் அதிகம், புதிதாக ஓட்டுபவருக்கு சிம்பாங் பூலாய்தான் நல்லது. இரண்டாம் நாள் காலை பிரிஞ்சாங் மலை, பிறகு ஓய்வு. மூன்றாம் நாள் காலை 7 மணிக்கே கிளம்பி லோஜிங், குவா மூசாங், மெராப்போ, கோலா லிப்பிஸ், ஜெராண்டுட், குவாலா தாஹான். நான்காம் நாள் காடு. ஐந்தாம் நாள் வீடு. பள்ளி விடுமுறையிலும் நீண்ட வார இறுதியிலும் கியா பார்ம் சந்தை முன்னால் காடிகள் நகரவே நகராது. செவ்வாய், புதன் பார்த்துப் போடுங்கள்.

நேரக் கணக்கில் ஒரு விதி வைத்துக்கொள்ளுங்கள். மலைச்சாலையில் மணிக்கு 40 கிலோமீட்டருக்கு மேல் சராசரி போடாதீர்கள். மூன்றாம் நாள் பயணம் நிறுத்தங்கள் இல்லாமலே ஆறரை, ஏழு மணி நேரம். சாப்பாடு, கழிவறை, பெட்ரோல் சேர்த்தால் ஒன்பது. மாலை 4 மணிக்குச் சேருவீர்கள். ஒவ்வொரு காடியிலும் இரண்டு ஓட்டுநர், இரண்டு மணிக்கு ஒரு முறை மாற்றம். பி ஸ்டிக்கர் ஒட்டியவர் சமதரையில் ஓட்டட்டும், மலையில் வேண்டாம். பெட்ரோலை பிரிஞ்சாங்கிலேயே நிரப்பிவிடுங்கள், லோஜிங்கில் பார்த்துக்கலாம்னு விடாதீங்க. தொலைபேசியில் வரைபடத்தை முன்கூட்டியே இறக்கி வையுங்கள். சில இடங்களில் ஒரு கோடுகூட வராது.

இனி நம்ம பாடம், இயற்பியல். நான்கு பேரும் பைகளும் ஏறிய ஒரு காடி 1,500 கிலோ என்று வையுங்கள். கியா பார்மிலிருந்து கீழே இறங்கினால் சுமார் 1,500 மீட்டர் உயரத்தை இழக்கிறது. நிறை, ஈர்ப்பு முடுக்கம், உயரம் மூன்றையும் பெருக்கினால் 22 மெகாஜூல். 75 லிட்டர் தண்ணீரை 30 டிகிரியிலிருந்து கொதிக்க வைக்கப் போதுமான ஆற்றல் அது. இறங்கும் வழியெல்லாம் பிரேக்கிலேயே கால் வைத்திருந்தால் இந்த வெப்பத்தில் பெரும்பங்கு பிரேக் பட்டைகளுக்கும் தட்டுகளுக்கும்தான் போகும். சூடு எல்லை மீறினால் உராய்வு குறையும், எண்ணெயில் நீராவிக் குமிழி வரும், மிதித்தால் கால் உள்ளே போய்க்கொண்டே இருக்கும். 2010 டிசம்பர் 20 அன்று கேமரனிலிருந்து சிம்பாங் பூலாய் சாலையில் இறங்கிய பேருந்து கவிழ்ந்து, 25-க்கும் அதிகமானோர் இறந்தார்கள். பெரும்பாலோர் தாய்லாந்துப் பயணிகள்.

தீர்வு சுலபம்: இறக்கம் தொடங்கும் முன்பே தாழ் கியர். ஆட்டோ காடியில் 'எல்' அல்லது '2' இருக்கும். புதிய சிவிடி காடிகளில் வேறு எழுத்து போட்டிருப்பார்கள், கையேட்டைப் பாருங்கள். இன்ஜின் சத்தம் கூடும், பயப்படாதீங்க, அந்தச் சத்தம்தான் உங்களுக்காக வேலை செய்கிறது. பிரேக்கை அழுத்தி வேகம் குறைத்து, விட்டுவிடுங்கள். தொடர்ந்து தேய்க்காதீர்கள். கருகல் வாடை வந்தால் பாதுகாப்பான இடத்தில் ஒதுங்கி அரை மணி நேரம் ஆறவிடுங்கள். சூடான தட்டில் தண்ணீர் ஊற்றாதீர்கள்.

காட்டுக்கு வருவோம். பிரிஞ்சாங் மலை உச்சியில் இருப்பது பாசிக்காடு. மேகம் மரத்தில் உரசிப் போகும்போது பாசி அந்த ஈரத்தைப் பிடித்து வைத்துக்கொள்கிறது. குடுவைத் தாவரமும் அங்கே உண்டு. பலகைப் பாதையை விட்டு ஒரு அடி இறங்கி செல்ஃபி எடுத்தால், பல ஆண்டு வளர்ந்த பாசி ஒரு சப்பாத்தில் நசுங்கும். உச்சிச் சாலையும் பலகைப் பாதையும் சில சமயம் மூடப்படுவதுண்டு, முதல் நாளே கேட்டு வையுங்கள். மழை பெரும்பாலும் மதியத்துக்கு மேல். அதனால் எல்லா நடையும் காலையில்.

தனியாகப் போகாதீர்கள் என்று சொன்னால் சிரிப்பார்கள். தாய்ப் பட்டுத் தொழிலில் உலகப் பெயர் பெற்ற ஜிம் தாம்சன், 1967 மார்ச் 26 அன்று இதே கேமரன் மலையில் மற்றவர்கள் ஓய்வெடுத்த நேரத்தில் தங்குமிடத்தை விட்டு வெளியே போனார். போலீசும் ராணுவமும் ஓராங் அஸ்லி மக்களும் தேடினார்கள். இன்றுவரை கிடைக்கவில்லை.

தாமான் நெகாரா இன்னும் பெரிது: பகாங், கிளந்தான், திரங்கானு மூன்று மாநிலங்களில் 4,343 சதுர கிலோமீட்டர். நாட்டில் 150-க்கும் குறைவாக எஞ்சியிருக்கும் மலாயாப் புலிகளின் முக்கிய வீடு அது. நுழைய வனவிலங்கு, தேசியப் பூங்காத் துறையான பெர்ஹிலித்தானின் அனுமதி வேண்டும். ஆண்டு இறுதி மழைக்காலத்தில் போடாதீர்கள். இரவு நடைக்கு வழிகாட்டி கட்டாயம் வையுங்கள், காசு மிச்சம் பிடிக்க வேண்டிய இடம் அதுவல்ல. அட்டைக்கு நீளக் காலுறை. பாத்தேக் மக்களின் குடியிருப்புக்குப் போனால் கேட்காமல் படம் எடுக்காதீர்கள்.

கடைசியாக வீட்டு அனுமதி. "யாரு காடி ஓட்டுறது? எங்க தங்குறீங்க? எத்தன மணிக்குப் போய்ச் சேருவீங்க? போன் கெடைக்கலைன்னா யாரக் கூப்பிடுறது?" அம்மா கேட்கும் இந்த நாலு கேள்விதான் உண்மையில் பயணத் திட்டம். குறிப்பாக, தங்கச்சிகளை நம்பி அனுப்பும் வீடுகளுக்கு இதற்கான பதில் ஒரே தாளில் இருக்க வேண்டும்: காடி எண்கள், ஓட்டுநர்கள், தங்குமிட எண், ஒவ்வொரு நாளும் அழைக்கும் நேரம். எந்த நேரம் தாண்டியும் அழைப்பு வராவிட்டால் வீட்டார் தேடத் தொடங்கலாம் என்பதையும் அதிலேயே எழுதுங்கள்.

ஐந்தாம் நாள் குவாலா தாஹானிலிருந்து மதியத்துக்குள் கிளம்பிவிடுங்கள். ஞாயிறு மாலை காராக் நெடுஞ்சாலையில் சிக்கினால், காட்டில் கிடைத்த தூக்கமெல்லாம் அங்கேயே போய்விடும்.