ஆர்.சி. புத்தகத்தைக் கொடுக்கும் முன்

அன்புள்ள மாப்பிள்ளைக்கு,

சிநேகிதனுக்கு ஜாமீன் நிற்க லாரியின் ஆர்.சி. புத்தகத்தை எடுத்து வைத்திருப்பதாக உன் அம்மா போனில் சொன்னாள். கொலை வழக்கு என்றும் சொன்னாள். அன்று ராத்திரி மாமனுக்குத் தூக்கமில்லை. வேண்டாம் என்று தடுக்க இதை எழுதவில்லை, கண்ணு. முடிவு மாப்பிள்ளையுடையதுதான். சங்ககிரி கோர்ட்டில் வக்கீல் குமாஸ்தாவாகக் கட்டுச் சுமந்த இந்த மாமன் கண்டதையும் கேட்டுவிட்டு முடிவு செய்யட்டும்.

ஜாமீன் கிடைத்தால் பாதி வழக்கு ஜெயித்த மாதிரி என்று லாரிப் பட்டறைகளில் பேசிக்கொள்வார்கள். தப்பு. ஜாமீன் மனுவில் நீதிபதி குற்றத்தைத் தீர்ப்பதில்லை. முதல் பார்வைக்கு ஆதாரம் இருக்கிறதா, தண்டனை எவ்வளவு கடுமை, வெளியே விட்டால் ஓடிவிடுவாரா, சாட்சியை மிரட்டுவாரா, பழைய வழக்கு உண்டா என்றுதான் பார்ப்பார். கொலை வழக்கென்றால் பெரும்பாலும் செஷன்ஸ் கோர்ட்டுக்கோ உயர் நீதிமன்றத்துக்கோதான் போக வேண்டும். 90 நாளில் குற்றப்பத்திரிகை வராவிட்டால் மட்டும் ஜாமீன் உரிமையாகிவிடும். அது போலீஸின் தாமதத்தால் வருவது. அதனால் ஆள் நிரபராதி ஆகிவிடமாட்டார்.

ஜாமீனே வழமை, சிறை விதிவிலக்கு என்று 1977-இல் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் வகுத்ததை மாமன் மதிக்கிறவன்தான். வக்கீல் வைக்க வழியில்லாமல் விசாரணைக் கைதியாகவே தேய்ந்த ஏழைகளைப் பார்த்தவன்.

ஆனால் கோகுல்ராஜ் வழக்கை நம் ஊர் மறக்கக் கூடாது. ஓமலூரைச் சேர்ந்த தலித் இளைஞர், பொறியியல் படித்தவர். 2015 ஜூன் 23 அன்று தோழியோடு திருச்செங்கோடு அர்த்தநாரீசுவரர் கோயிலுக்குப் போனார். மறுநாள் பள்ளிபாளையம் அருகே தண்டவாளத்தில் பிணமாகக் கிடந்தார். அந்தக் கொலையில் முதல் குற்றவாளியான யுவராஜ் நம் சங்ககிரிக்காரர். தலைமறைவாக இருந்து அக்டோபரில் சரணடைந்தார். 2016-இல் உயர் நீதிமன்றம் அவருக்கு ஜாமீன் தந்தது. அதே ஆண்டு உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது.

ஒரே ஆள், ஒரே வழக்கு. ஆனாலும் ஒரு கோர்ட் திறந்த கதவை மேல் கோர்ட் சாத்தியது. பிறகு நடந்ததைப் பார்த்தால் காரணம் விளங்கும். விசாரணையில் முக்கிய சாட்சியே பிறழ்ந்தார். நாமக்கல்லில் நியாயம் கிடைக்காது என்று தாய் முறையிட, வழக்கு மதுரைக்குப் போனது. 2022 மார்ச்சில்தான் 10 பேருக்கு ஆயுள் தண்டனை. யுவராஜின் தண்டனையை 2023 ஜூனில் உயர் நீதிமன்றமும் உறுதி செய்தது. இன்னொன்று: இதைப் போல வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் சேர்ந்த வழக்கில் முன்ஜாமீன் வழியையே சட்டம் அடைக்கிறது, ஜாமீன் விசாரணையில் பாதிக்கப்பட்டவர் தரப்பையும் கேட்டாக வேண்டும்.

இப்போது மாப்பிள்ளையின் சிநேகிதன். சாட்சி சொல்ல வேண்டிய மளிகைக் கடைக்காரர் அவன் தெருவில்தானே இருக்கிறார்? வெளியூரில் தங்கி தினமும் ஸ்டேஷனில் கையெழுத்துப் போடு என்று கோர்ட் நிபந்தனை விதிக்கலாம். ஒரு நாள் அவன் போகவில்லையென்றால் யாரைத் தேடுவார்கள்?

அன்று உன் அம்மாவைப் பெற்ற அப்பிச்சியைத்தான் தேடினார்கள். பங்காளி முறைக்காரன் என்று நம்பி ஒருவனுக்கு ஜாமீன் நின்றார். அவன் வாய்தாவுக்கு வராமல் ஓடியதும் பிணைத்தொகையைக் கட்டச் சொல்லி நோட்டீஸ் வந்தது. கிணத்துமேட்டுக் காடு அப்படித்தான் போனது. பத்திரத்தில் கைநாட்டு வைத்துவிட்டு வந்து திண்ணையில் உட்கார்ந்தவர் அன்று சோறு தொடவில்லை. உன் அம்மாவுக்குக் கல்யாணம் தள்ளிப்போனதும் அந்த வருஷம்தான். அவள் சொல்லியிருக்கமாட்டாள்.

ஜாமீன்தாரர் விலகிக்கொள்ள மனுப் போடலாம்தான். போட்டால் கோர்ட் சிநேகிதனுக்கு வாரண்டு போடும். அவன் வேறு ஜாமீன்தாரரைக் கொண்டுவர வேண்டும், இல்லையேல் உள்ளே போக வேண்டும். அந்த மனுவில் கையெழுத்துப் போட மாப்பிள்ளைக்கு மனசு வராது. வராது என்று மாமனுக்குத் தெரியும்.

அவனுக்கு உதவ வேறு வழி இருக்கிறது. வக்கீல் ஃபீஸில் ஒரு பங்கு கொடு. அவன் அம்மாவுக்கு அரிசி வாங்கிப் போடு. மாமன் தன் பென்ஷனிலிருந்தும் தருகிறான்.

கோபித்துக்கொள்ளாதே, கண்ணு. உன்னைப்போல் சிநேகிதனுக்கு ஓடுகிறவன் நம் குடும்பத்தில் வேறு யார்? ராத்திரி லோடு ஏற்றினால் டீ குடிக்காமல் ஓட்டாதே. ஞாயிற்றுக்கிழமை வா, அத்தை ஒப்புட்டு சுடுவதாக இருக்கிறாள். அந்த ஆர்.சி. புத்தகத்தையும் கையோடு எடுத்து வா, மாமன் பீரோவில் பத்திரமாக இருக்கட்டும்.

அன்புடன்,
மாமன்