கால்நகம் வளைவதேன்?

பிரிக்கலாகாத நண்பர் இருவரைக் கண்டால், 'நகமும் சதையும் போல' என்று சொல்லுதல் நம் நாட்டு வழக்கு. இவ்வுவமையை முதன்முதற் கூறியவர் கைந்நகத்தை நோக்கிக் கூறினாரேயன்றிக் கால்நகத்தை நோக்கிக் கூறினாரல்லர் என்றே யான் எண்ணுகின்றேன். கால்நகம் தன் பக்கத்துச் சதையோடு பூணும் உறவு சிலபோது பெரும்பகையாய் முடிதலுண்டு. நகத்தின் ஓரம் உள்நோக்கி வளைந்து, தன்னைத் தாங்கிய சதையையே கிழித்து உட்புகுந்து, சீழும் குருதியும் ஒழுகச் செய்யும் துன்பத்தை அநுபவித்தவர் அவ்வுவமையை அத்துணை எளிதிற் கையாளார். தமிழ் பயிலும் மாணாக்கன் 'உகிர்' என்னும் பழஞ்சொல்லின் ஆராய்ச்சியோடு நில்லாது, நகத்தின் நோயைப் பற்றியும் எழுதப் புகுந்தமை கண்டு நகைப்பாரும் நம் கல்லூரியில் இருத்தல் கூடும். என்னை இப்பொருளிற் புகுத்தியது யாதென்பதைப் பின்னர்க் கூறுவேன்.

நகம் எலும்பன்று, தோலின் ஒரு திரிபே. மயிரையும், மாட்டின் குளம்பையும், ஆட்டுக் கொம்பின் மேலுறையையும் ஆக்குகின்ற கெரட்டின் என்னும் புரதப் பொருளே நகத்தையும் ஆக்குகின்றது. நகத்தின் அடியில், தோல் மடிப்புக்குள் மறைந்து கிடக்கும் மெல்லிய பகுதியை நகமூலம் எனலாம். பெருவிரல் நகத்தின் அடியில் வெண்பிறை போலத் தோன்றுவது அம்மூலத்தின் வெளியே தெரியும் சிறு கூறாகும். அங்கே ஓயாது தோன்றும் உயிரணுக்கள் முன்னோக்கித் தள்ளப்பட்டு, தட்டையாகி, உயிர் நீங்கி, இறுகித் தகடாகின்றன. வெட்டும்போது நமக்கு நோவு தோன்றாமைக்குக் காரணம் இதுவே. இத்தகடு மூன்று அடுக்குடையது. நடுவடுக்கே மிகத் தடித்தது. அதன் நார்கள் நகத்தின் குறுக்கே ஓடுகின்றன. ஆதலால் ஒடிந்த நகம் பெரும்பாலும் குறுக்கே கிழியுமேயன்றி நெடுகப் பிளந்து மூலத்தை எட்டுவதில்லை. படைத்தவன் அமைத்த காவல்களுள் இதுவும் ஒன்று.

கைந்நகம் மாதமொன்றிற்கு ஏறக்குறைய 3 மில்லிமீட்டர் வளரும். கால்நகமோ அதிற் பாதியளவும் வளர்தல் அரிது. காலின் பெருவிரல் நகம் முழுவதும் புதிதாக முளைத்து வருதற்கு 12 முதல் 18 மாதங்கள் செல்லும். அமெரிக்க மருத்துவராகிய வில்லியம் பீன் என்பார் தம் இடக்கைக் கட்டைவிரல் நகத்தில் அடையாளமிட்டு, அதன் வளர்ச்சியை 35 ஆண்டுகள் அளந்துவந்து, 1980-ஆம் ஆண்டில் அதனை வெளியிட்டார். தமது 32-ஆம் வயதில் நாளொன்றுக்கு 0.123 மில்லிமீட்டர் வளர்ந்த நகம், 67-ஆம் வயதில் 0.095 மில்லிமீட்டரே வளர்ந்ததாகக் கண்டார். ஒருவன் தன் நகத்தையே நூலாகக் கொண்டு 35 ஆண்டு கற்றான் என்பது எனக்கு மிகுந்த வியப்பைத் தந்தது. இந்நிலையில், ஒரு நூலை ஒரு பருவத்திற்குள் முடிக்கமாட்டாது சோர்கின்றோம் நாம்!

இனி வளைவினைக் காண்போம். நகம் இயல்பாகவே சிறிது வளைந்ததுதான். ஒரு தாளைத் தட்டையாக ஓரத்திற் பிடித்தால் அது தொங்கிவிடும். சற்றே குழிவாக வளைத்துப் பிடித்தால் நிமிர்ந்து நிற்கும். நகமும் அவ்வாறே தன் வளைவினால் உறுதி பெறுகின்றது. அவ்வளைவு அளவில் நிற்றற்குக் காரணமாவது யாது? ஜப்பானிய மருத்துவர் சிலர் 2014-ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆராய்ச்சி இதற்கு அழகியதொரு விடை தருகின்றது. நகத்திற்கு எப்பொழுதும் உள்நோக்கி வளையும் இயல்பு உண்டு. நாம் நடக்குந்தோறும் தரையானது விரலின் அடிச்சதையை மேல்நோக்கி அழுத்துகின்றது. அவ்வழுத்தம் நகத்தை விரித்துக் கொடுக்கின்றது. இவ்விரு விசையும் ஒத்து நிற்குங்கால் நகம் செவ்விய வடிவிலிருக்கும். நெடுநாட் படுக்கையிற் கிடப்போர்க்கு இரண்டாவது விசை இல்லாது போகின்றது. அவர்களுடைய நகங்கள் நடமாடுவோர் நகங்களைக்காட்டிலும் மிகுதியாக வளைந்திருத்தலை அம்மருத்துவர் அளந்து காட்டினர். நடத்தலே நகத்திற்கு மருந்து என்று இதனைச் சுருங்கச் சொல்லலாம்.

வளைவு ஒருவகைத்தன்று. அடியில் அகன்றும் நுனியிற் குறுகியும், இரு பக்கமும் குறடு போல வளைந்து சதையைக் கவ்வும் நகம் ஒன்று. இது குலவழியாக வருதலுண்டு. முதுமையில் விரலெலும்பின் அடி பருத்து நகமூலத்தை அகலச் செய்வதனால் வருதலுமுண்டு. நகம் அத்துணை வளையாதிருந்தும், அதன் மூலைமுனை மட்டும் பக்கச் சதையிற் குத்தி இறங்குவது மற்றொன்று. நம்மனைய இளைஞர்க்கு வருவது பெரும்பாலும் இதுவே. மூன்றாவது, முதியோர்க்கு வருவது. நகம் மஞ்சளாய்த் தடித்து, ஆட்டுக்கடாவின் கொம்பு போல் முறுகித் திரும்பும். நகமூலத்தின் ஒரு பக்கம் விரைந்தும் மறுபக்கம் மெல்லவும் வளர்வதே இம்முறுக்கிற்குக் காரணமென்பர். இரு சக்கர வண்டியில் ஒரு சக்கரம் தடைப்பட்டு மற்றது ஓடினால், வண்டி தடைப்பட்ட பக்கமே திரும்புகின்றதன்றோ? நகமும் அவ்வாறே மெல்ல வளரும் பக்கமாகத் திரும்பிவிடுகின்றது. பறவையின் நகம்போல் நகம் வளர்ந்த நேபுகாத்நேச்சாரைத் தானியேலின் ஆகமத்திற் படிக்குந்தோறும், அஃது அரசனுக்கு நேர்ந்த தண்டனையைப் புனைந்துரைக்கும் மொழி என்றே முன்னர் எண்ணியிருந்தேன். வெட்டுவாரின்றி விடப்பட்ட மனித நகம் உண்மையிலேயே அவ்வாறாகும் என்பதைக் கடந்த கோடை விடுமுறையில் என் வீட்டிலேயே கண்டேன்.

என் பாட்டனார் எண்பது வயதைக் கடந்தவர். ஞாயிறுதோறும் காலை ஆராதனைக்கு நடந்தே செல்பவர், சில மாதங்களாகச் செல்வதை நிறுத்தியிருந்தார். முதுமையின் தளர்ச்சி என்றார் என் தந்தையார். மனச்சோர்வு என்றாள் அன்னை. அவரோ ஒன்றும் சொல்லவில்லை. ஒருநாள் மாலை திண்ணையில் அமர்ந்திருந்தவரின் காலிலிருந்து வழுவிய செருப்பை எடுத்து மாட்டக் குனிந்தபோது, அவருடைய வலக்காற் பெருவிரல் நகத்தை நான் பார்த்தேன். அது விரலைவிட்டு உயர்ந்து, பக்கத்து விரலின்மேல் வளைந்து, அதன் தோலைப் புண்ணாக்கியிருந்தது. "எத்தனை நாளாக இப்படித் தாத்தா?" என்றேன். "குனிய முடியவில்லை, தம்பி, இதற்கென்று யாரைக் கூப்பிடுவது?" என்றார். ஒரு வீட்டில் ஐவர் இருந்தோம். எங்களில் எவரும் அவர் காலைப் பாராதிருந்தோம். காலில் ஊனமுற்ற மேவிபோசேத், தாவீதரசன் நாடு நீங்கிய நாள்முதல் தன் கால்களைச் சுத்தம்செய்யாதிருந்தான் என்று சாமுவேலின் இரண்டாம் ஆகமம் கூறுகின்றது. அஃது அவன் துயரத்தின் அடையாளம். எங்கள் வீட்டில் அஃது எங்கள் கண்மூடித்தனத்தின் அடையாளமாயிருந்தது.

மருத்துவர் முதலில் நகத்தைத் தொடவேயில்லை. இரத்தத்திற் சர்க்கரையைச் சோதித்தார். மெல்லிய நைலான் இழையொன்றால் அடிக்காலைத் தொட்டுத் தொட்டு, உணர்ச்சி உண்டா என்று கேட்டார். காலின் நாடித்துடிப்பைப் பார்த்தார். இவை செவ்வையாயிருக்கக் கண்டபின்னரே, நகத்தை மென்மையாக்கும் யூரியாக் களிம்பைத் தந்து, சில நாள் கழித்து அந்நகத்தைச் சிறிது சிறிதாக வெட்டி, அரத்தால் தேய்த்து மெலிவித்தார். நோவினால் பாட்டனார் அவ்விரலை ஊன்றாமலே நடந்திருத்தல் வேண்டும். ஊன்றாமையால் வளைவு மிகுந்திருத்தல் வேண்டும். வளைவு மிகவே நோவும் மிகுந்திருத்தல் வேண்டும் என்பது மேற்கூறிய ஜப்பானியர் ஆராய்ச்சியைப் படித்தபின் எனக்குத் தோன்றிய கருத்து.

நம் பருவத்தார்க்குக் கேடு விளைப்பவை இரண்டு. ஒன்று, இறுக்கமான பாதரட்சை. விரல்களை ஒன்றோடொன்று நெருக்கும் கூர்முனைச் செருப்பும், கடந்த ஆண்டு வாங்கி இவ்வாண்டு காலுக்குச் சிறுத்துவிட்ட பந்தாட்டப் பூட்டும் நகத்தின்மேற் சதையைத் தள்ளுகின்றன. பயிற்சி அணிவகுப்பு முடிந்து நொண்டிக்கொண்டு விடுதிக்குத் திரும்பும் நண்பர்களைப் பலகாலும் காண்கின்றேன். மற்றொன்று, நாம் நகம் வெட்டும் முறை. கைந்நகத்தைப் பிறைபோல் வெட்டும் பழக்கத்தால் கால்நகத்தின் மூலைகளையும் ஆழ அரிந்துவிடுகின்றோம். அங்கே சதை மேலெழுந்து மூடும். பின்னர் வளரும் நகம் வழி காணாது அச்சதையைக் குத்தும். சிலர் வெட்டியின்றி விரலாலேயே கிழித்தெறிவர். கிழிந்த ஓரத்தில் முள் போன்றதொரு துணுக்கு மறைந்து நின்று, சில வாரங்களில் தன்னை அறிவிக்கும். ஆதலின் கால்நகத்தை நேர்கோடாகவே வெட்டுக. விரல்நுனியளவு நீளம் விடுக. கூரிய மூலையை அரத்தால் மழுக்குக. குளித்தபின் வெட்டுதல் எளிது. நகம் அப்பொழுது நெகிழ்ந்திருக்கும். நகத்தின் நடுவே முக்கோணமாக ஒரு வெட்டு வெட்டினால் ஓரங்கள் நடுவை நோக்கி இழுக்கப்பட்டு வளைவு நீங்கும் என்று விடுதியில் ஓர் அன்பர் உறுதியாகச் சொன்னார். நகம் வளர்வது மூலத்திலேயாகலின், உயிரற்ற நுனியில் இடும் வெட்டினை அம்மூலம் அறியாது. இஃது ஆதாரமற்ற நம்பிக்கையே.

முனை சிறிதே குத்தத் தொடங்கிய நிலையில், நாளொன்றுக்கு இருமுறை வெதுவெதுப்பான நீரில் பதினைந்து நிமிடம் காலை வைத்துத் துடைத்து, நகத்தின் மூலைக்கடியில் தூய பஞ்சின் சிறு திரியை நுழைத்து உயர்த்தி வைத்தால், பலர்க்கும் குணமாகும். எலுமிச்சம்பழத்தைத் துளைத்து விரலிற் செருகுவது நம்மவர் கைம்முறை. கைவிரல் நகச்சுற்றுக்கு அது சிறிது இதம் தரலாம். காலில் நகமுனை சதைக்குள் இருக்கும்வரை எப்பழமும் எப்பூச்சும் பயன்படா. சீழ் கோத்தால் மருத்துவரிடமே செல்லல் வேண்டும். அவர் விரலை மரக்கச்செய்து, புதைந்த ஓரத்தை மட்டும் நீளவாட்டில் நீக்கி, அவ்வோரத்து மூலத்தைப் பீனால் என்னும் மருந்தால் சுட்டுவிடுவர். அப்பகுதி பெரும்பாலும் மீண்டும் முளைப்பதில்லை. முழு நகத்தையும் பிடுங்கிவிடுமாறு கேட்போர் உளர். மூலம் அவ்வாறே இருக்க நகத்தை மட்டும் பிடுங்கினால், ஓராண்டில் பழைய வளைவோடு அது மீண்டும் வரும். குறடு போல வளைந்த நகத்தின்மேல் மெல்லிய கம்பியைப் பொருத்தி, மெல்ல மெல்ல விரியச் செய்யும் முறையும் இக்காலத்தில் உண்டு.

நகம் தடித்துப் பொடிப்பொடியாய் உதிருமாயின் அது பெரும்பாலும் பூஞ்சணத்தின் வேலை. பிறர் நகவெட்டியையும், ஈரம் உலராத காலுறையையும் விலக்கினால் அது பரவுதல் குறையும். வந்துவிட்டதாயின், நகத்துணுக்கைச் சோதித்து உறுதிசெய்தபின் மருத்துவர் தரும் மாத்திரையை ஏறக்குறைய 12 வாரம் உட்கொள்ள நேரும். நகம் கரண்டிபோற் குழிந்தால் உடலில் இரும்புச்சத்துக் குறைவும், விரல்நுனி பருத்து நகம் உருண்டு வளைந்தால் நுரையீரல், இருதய நோய்களும் உண்டோ என்று மருத்துவர் நோக்குவர்.

நீரிழிவு உடையோரைக் குறித்துத் தனியே சொல்லவேண்டும். அந்நோய் முற்றினால் காலின் உணர்ச்சி மங்கும். குத்தும் நகத்தை அவர் அறியார், புண்ணையும் அறியார், துர்நாற்றம் எழுந்தபின் பிறரே அறிவர். அப்புண் விரலையும், சிலபோது காலையுமே வாங்கிவிடுகின்றது. இவ்வுண்மைக்கு வழிகாட்டியது தொழுநோய் ஆராய்ச்சி என்பதும், அது நம் நாட்டிலேயே நிகழ்ந்ததென்பதும் நாம் அறியத்தக்கவை. 1914-ஆம் ஆண்டில் கொல்லிமலையில் மிஷனெரிப் பெற்றோர்க்குப் பிறந்த பால் பிராண்டு, 1946-இல் வேலூர்க் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரிக்கு வந்தார். தொழுநோயாளரின் விரல்கள் நோயினால் தாமாக உதிர்வதில்லை, உணர்ச்சியின்மையால் உணரப்படாத காயங்களாலேயே அழிகின்றன என்பதை அவர் எடுத்துக்காட்டினார். வேலூரிலும் கரிகிரியிலும் அவரும் உடனுழைத்தாரும் நுண்ணறை இரப்பரால் ஆக்குவித்த மென்செருப்பே 'எம்.சி.ஆர். செருப்பு' என்னும் பெயரால் இன்று நீரிழிவுடையோர் கால்களையும் காக்கின்றது. நோவு என்பது தண்டனையன்று, காவல் என்பது அவர் வாழ்நாள் முழுதும் வற்புறுத்திய கருத்து. உணர்ச்சி மங்கியவர் தம் நகத்தைத் தாமே வெட்டலாகாது. வெந்நீரிற் காலை ஊறவைக்கலாகாது. நாள்தோறும் விரலிடுக்கையும் அடிக்காலையும் கண்ணாடியிலேனும் பிறர் கண்ணாலேனும் பார்த்தல் வேண்டும்.

என் பாட்டனாரின் நகம் இனி நேராக வளராது என்று மருத்துவர் கூறிவிட்டார், மூலம் பழுதுற்றுவிட்டது. இரண்டு மாதத்திற்கு ஒருமுறை அதனைத் தேய்த்து மெலிவிக்கவேண்டும். அவ்வேலையை மருத்துவமனைச் செவிலியார் ஒருவரிடம் கற்றுக்கொண்டேன். கிறிஸ்து பிறந்தநாள் விடுமுறையில் ஊர் சென்றபோது, திண்ணையில் அமர்ந்து அவர் காலை என் முழந்தாளின்மேல் வைத்துத் தேய்த்தேன். "கல்லூரியில் இதையுமா கற்பிக்கிறார்கள்?" என்று கேட்டார். மறுநாள் விடியற்காலை ஆராதனைக்கு என்னோடு நடந்து வந்தார். வழியில் இரண்டிடத்தில் நின்றார், நோவினாலன்று, பழைய நண்பரோடு பேசுதற்காக.