கொடி ஏறிய பிறகு...
(ஆசிய நாடுகளின் விடுதலை: நம் பக்கத்திலிருந்தே ஒரு பாடம்)



நமக்கெல்லாம் வரலாறு என்பது பத்தாம் வகுப்போடு முடிந்துபோன சங்கதி. தேதியை மனப்பாடம் செய்தோம், பரீட்சை எழுதினோம், மறந்தோம். நானும் அப்படித்தான் இருந்தேன். சென்ற ஆகஸ்ட் 15 அன்று கொடியேற்றம் முடிந்து, மிட்டாயை வாயில் போட்டுக்கொண்டு ஹாஸ்டலுக்குத் திரும்பும்போது நம் நண்பன் ஒருவன் (ஊர் நீலகிரிக் கூடலூர்) சாதாரணமாக ஒரு வார்த்தை சொன்னான்.

"எங்க தாத்தா இருந்த நாட்டுக்குச் சுதந்திரம் வந்த வருஷமே, அவருக்கு நாடு இல்லாமப் போச்சுடா."

சுதந்திரம் வந்தால் நாடு கிடைக்கத்தானே வேண்டும்? அது எப்படிப் போகும்? இந்தக் கேள்விதான் என்னை நூலகத்துக்கு அனுப்பியது. அங்கே படித்ததை உங்களோடு பகிர்ந்துகொள்ளவே இக்கட்டுரை.

ஒரு கண்டமே விழித்த காலம்

இரண்டாம் உலகப்போர் முடிந்த கையோடு ஆசியாவில் ஆட்சிகள் வரிசையாக மாறின. பிலிப்பைன்ஸ் 1946, இந்தியாவும் பாகிஸ்தானும் 1947, பர்மாவும் இலங்கையும் 1948. இந்தோனேசியா 1945-லேயே விடுதலையை அறிவித்தது. டச்சுக்காரர்கள் ஒப்புக்கொள்ள 1949 டிசம்பர் ஆயிற்று. மலேயா 1957. இந்த வரிசையில் கடைசியாகக் கிழக்குத் திமோர் 2002-ல்தான் தனிநாடானது.

பட்டியலைப் பார்த்தால் எல்லாம் ஒரே மாதிரி தெரியும். உள்ளே போய்ப் பார்த்தால்தான் வேறுபாடு புரிகிறது. தூரமாகப் போக வேண்டாம், பக்கத்திலிருந்தே தொடங்குவோம்.

பாண்டிச்சேரி பஸ்ஸில் தாண்டும் எல்லை

வடலூர், கடலூர் வழியாக நாம் பாண்டிச்சேரிக்குப் போகிறோம். கடலூர் தேவனாம்பட்டினத்தில் ஆங்கிலேயரின் புனித டேவிட் கோட்டை இருந்தது. 1690-ல் மராட்டியரிடமிருந்து அதை வாங்கினார்கள். கடலூரைத் தாண்டி முள்ளோடை வந்தால் பிரெஞ்சுக்காரர்கள் ஆண்ட பூமி. ஒரே மொழி, ஒரே சாப்பாடு, இரு பக்கமும் சொந்தபந்தம். ஆனால் கடலூரில் 1947-ல் நம் கொடி ஏறியபோது, சில மைல் தள்ளிப் பிரெஞ்சுக் கொடிதான் பறந்தது.

1954 மே மாதம் வியட்நாமில் தியன் பியன் பூ போரில் பிரான்சு தோற்றது. அதே ஆண்டு அக்டோபர் 18-ம் தேதி கீழூர் கிராமத்தில் மக்கள் பிரதிநிதிகள் 178 பேர் கூடி வாக்களித்தார்கள். இந்தியாவோடு இணைய 170 பேர், எதிராக 8 பேர். நவம்பர் 1-ல் நிர்வாகம் நம் கைக்கு வந்தது. 1956-ல் ஒப்பந்தம் கையெழுத்தானது. ஆனால் சட்டப்படி முழுமையாக ஒப்படைத்தது 1962 ஆகஸ்ட் 16-ல்தான். அல்ஜீரியா விடுதலை பெற்ற அடுத்த மாதம்!

அதாவது கீழூரின் தலைவிதி வியட்நாமோடும் அல்ஜீரியாவோடும் பின்னிக் கிடந்தது. இன்னொன்றையும் கவனியுங்கள். அந்த ஒப்பந்தம் அங்குள்ளவர்கள் விரும்பினால் பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ளலாம் என்று வழிவிட்டது. நீ எந்த நாட்டுக்காரன் என்று ஆளைக் கேட்டு முடிவு செய்தார்கள்.

நண்பனின் தாத்தாவை யாரும் கேட்கவில்லை.

லயத்தில் பிறந்தவனுக்கு ஏது சான்றிதழ்?

இலங்கை மலையகத்தில் காப்பித் தோட்டமும் பிறகு தேயிலைத் தோட்டமும் போட ஆங்கிலேயருக்கு ஆள் தேவைப்பட்டது. 19-ம் நூற்றாண்டில் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து கங்காணிகள் மூலம் குடும்பம் குடும்பமாக அழைத்துப் போனார்கள். மூன்று நான்கு தலைமுறை அங்கேயே லயங்களில் பிறந்து, கொழுந்து பறித்து, அங்கேயே மண்ணானார்கள்.

1948 பிப்ரவரி 4-ல் இலங்கை விடுதலை பெற்றது. அதற்கு முந்தைய ஆண்டுத் தேர்தலில் மலையகத் தமிழர்களின் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களில் ஜெயித்திருந்தது. வேறு பல தொகுதிகளில் அவர்கள் ஓட்டு இடதுசாரிகளுக்குப் பலமாக இருந்தது. டி.எஸ். சேனநாயக்காவின் அரசுக்கு இது பிடிக்கவில்லை. அதே ஆண்டிலேயே குடியுரிமைச் சட்டம் வந்தது. தகப்பனார் இலங்கையில் பிறந்தவர் என்று நிரூபிக்க வேண்டும் என்றது சட்டம். தோட்டத்து லயத்தில் பிறந்தவரிடம் தகப்பனாரின் பிறப்புச் சான்றிதழைக் கேட்டால் எங்கே போவார்? 1949-ல் வாக்குரிமையும் போயிற்று. அதே ஆண்டு வந்த இன்னொரு சட்டப்படி மனுப் போட்டவர்களிலும் பெரும்பாலோர் நிராகரிக்கப்பட்டார்கள். இந்தியாவும் அவர்களைத் தன் குடிமக்களாக எடுத்துக்கொள்ளவில்லை. ஆக, இரு நாட்டுக்கும் நடுவே 'நாடற்றவர்கள்'!

1964 அக்டோபர் 30-ல் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம் போட்டார்கள். மொத்தம் 9,75,000 பேர். அதில் 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேர் பற்றிப் பிறகு பார்க்கலாம் என்றார்கள். அந்த மீதியையும் 1974-ல் ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள். நாம் ஸ்டோரில் நட்டு போல்ட்டைக் கூட இதைவிட யோசித்துத்தான் எண்ணிப் பிரிப்போம்.

அப்படி வந்தவர்களுக்கு வேலை கொடுக்கத்தான் நீலகிரியில் 1968-ல் அரசுத் தேயிலைத் தோட்டம் தொடங்கப்பட்டது. நண்பனின் தாத்தா அங்கேதான் வந்து சேர்ந்தார். கொழுந்து அதே கொழுந்து, மலை மட்டும் வேறு. இலங்கையில் மிஞ்சியிருந்தவர்களின் நாடற்ற நிலையைத் தீர்க்க 2003-ல் ஒரு சட்டம் வந்தது. கணக்குப் போட்டால் 55 ஆண்டுகள்!

பர்மா ஒரு வழி, மலேயா ஒரு வழி

பர்மாவில் 1962-ல் ஜெனரல் நே வின் ஆட்சியைப் பிடித்தார். கடைகளும் வங்கிகளும் நாட்டுடைமையாயின. 1964 மே மாதம் 50, 100 கியாட் நோட்டுகள் செல்லாது என்றார்கள். லட்சக்கணக்கான இந்தியர்கள் கையில் ஒன்றுமில்லாமல் கப்பலேறினார்கள். சென்னை பர்மா பஜாரும், அங்கே விற்கும் அத்தோவும் அந்தக் கதையின் மிச்சம்தான்.

மலேயாவில் பேச்சுவார்த்தையில் இந்தியர் கட்சியும் உட்கார்ந்தது. 1957-ல் விடுதலையோடு, அந்த மண்ணில் பிறக்கும் பிள்ளைக்குக் குடியுரிமையும் வந்தது. எஸ்டேட்டுகளைத் துண்டு போட்டு விற்றபோது, வி.தி. சம்பந்தன் 1960-ல் தோட்டத் தொழிலாளர்களின் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி எஸ்டேட்டுகளையே வாங்க வைத்தார். அங்கேயும் குறைகள் உண்டு, மறுக்கவில்லை. ஆனால் அவர்கள் பேச ஒரு நாற்காலி இருந்தது. இலங்கையிலும் பர்மாவிலும் அதுதான் பறிபோனது.

நம் காலடியில்

'சரிப்பா, நெய்வேலிக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்?' என்று கேட்பீர்கள். சம்பந்தம் உண்டு.

1955 ஏப்ரலில் இந்தோனேசியாவின் பாண்டுங் நகரில் 29 ஆசிய-ஆப்பிரிக்க நாடுகள் கூடின. புதிதாக விடுதலை பெற்றவர்களின் கவலை ஒன்றுதான்: கொடி நம்முடையது, தொழில் யாருடையது? அடுத்த ஆண்டே இங்கே நிலக்கரி நிறுவனம் பிறந்தது. 1957 மே 20-ல் நேரு சுரங்கப் பணியைத் தொடங்கி வைத்தார். 1961-ல் பழுப்பு நிலக்கரி கண்ணில் பட்டது, 1962-ல் மின்சாரம் வந்தது. அனல்மின் நிலையத்துக்குச் சோவியத் உதவி, சுரங்கத்துக்கு மேற்கு ஜெர்மனியின் இயந்திரங்கள். பனிப்போரில் எதிரெதிராக நின்றவர்களின் இயந்திரங்கள் நம்மூரில் ஒரே வேலையைச் செய்தன. அணிசேராமை என்று பாடத்தில் படித்தது இதுதான். அந்த முதல் அனல்மின் நிலையம் 2020-ல்தான் ஓய்வு பெற்றது.

பெருமைப்படுவோம். ஆனால் பெருமையோடு நிறுத்திவிட்டால் நாம் பாடம் படித்தவர்கள் ஆகமாட்டோம். இந்தச் சுரங்கத்துக்காகவும் நகரியத்துக்காகவும் கிராமங்கள் காலியாயின. 2023 ஜூலையில் வளையமாதேவியில் கால்வாய் வெட்ட, நின்ற நெற்பயிர் மேல் இயந்திரம் இறங்கியபோது விவகாரம் உயர்நீதிமன்றம் வரை போனது. மின்சாரம் நாட்டுக்குத் தேவை, சந்தேகமில்லை. ஆனால் நிலம் கொடுத்தவனும் நாட்டின் ஆள்தானே? அவனைக் கேட்டுச் செய்கிறோமா, எண்ணிப் பிரிக்கிறோமா? நாளை நம்மில் சிலர் அந்த இயந்திரத்தின் மேல் உட்காரப் போகிறோம். அதனால் கேட்கிறேன்.

முடிவாக

மெஷின்ஸ் லேபில் லோடு இல்லாமல் ஓட்டினால் பெரும்பாலான மோட்டார்கள் ஜோராகத்தான் சுற்றும். லோடு ஏற்றினால்தான் அதன் தகுதி தெரியும். கொடியேற்றும் நாள் நோ-லோடு டெஸ்ட். லயத்தில் இருப்பவனையும், கையில் காகிதம் இல்லாதவனையும், நிலம் இழந்தவனையும் 'இவனும் நம் ஆள்' என்று ஏற்றுக்கொள்கிறோமா என்பதே லோடு டெஸ்ட். ஆசியாவின் பல நாடுகள் அதில் தடுமாறின. நாமும் இன்னும் அந்த டெஸ்ட்டில்தான் இருக்கிறோம்.

அடுத்த ஆகஸ்ட் 15-ல் மிட்டாய் வாங்கும்போது பக்கத்தில் நிற்பவனிடம் கேட்டுப் பாருங்கள்: "உங்க தாத்தா எந்த ஊருடா?" ஒரு வரலாற்றுப் பாடமே கிடைக்கலாம்.

வாழ்க மாணவர் ஒற்றுமை!

— மூன்றாமாண்டு, மின்னியல் துறை