பிறர் ஆற்றல் உண்போன்

அமெரிக்க நாட்டுச் சித்திரக்கதை இதழ்களிலே தோன்றிய தீயோர் பலருள் பாரசைட் என்பானும் ஒருவன். பாரசைட் எனினும் ஒட்டுண்ணி எனினும் ஒக்கும். பிறரைத் தீண்டிய அளவிலே அவருடைய ஆற்றலைத் தன்னுள் ஈர்த்துக்கோடல் இவனது இயல்பு. தனக்கென்று சிறப்பாற்றல் ஒன்றும் இலன். சிறுவர் படிக்கும் படக்கதையில் வரும் இத்தகையானைப் பற்றிக் கல்லூரி இதழில் எழுதுதல் தகுமோ என நண்பர் சிலர் வினவக்கூடும். படத்தால் உரைப்பினும் பாட்டால் உரைப்பினும் கதை கதையே. தலைவனுக்கு ஏற்ற பகைவனை அமைத்தல் எத்துணை அரிய செயல் என்பதை அறிதற்கு இவன் நல்லதொரு சான்றாவான் என்பதே எமது கருத்து. ஆதலின் ஈண்டு அவனைச் சிறிது ஆராயப் புகுந்தோம்.

முதற்கண் தலைவனைப் பற்றிச் சில கூறல் வேண்டும். சூப்பர்மேன் என்னும் வீரனை ஜெர்ரி சீகல், ஜோ ஷூஸ்டர் என்னும் இருவர் படைத்தனர். 1938-ஆம் ஆண்டு ஆக்‌ஷன் காமிக்ஸ் என்னும் இதழில் அவன் முதன்முதல் தோன்றினன். குண்டு அவன் உடலைத் துளைக்காது, நெருப்பு அவனைச் சுடாது, வானத்திற் பறப்பான். இவ்வாறு குறையொன்றும் இல்லாத தலைவனே கதை எழுதுவார்க்குப் பெருந்தொல்லை ஆயினான். வெல்வது உறுதி என்றால் போரிற் சுவை ஏது? அதனால் முன்னைய ஆசிரியர்கள் லெக்ஸ் லூதர் என்பானுடைய மதிநுட்பத்தையும், கிரிப்டனைட் என்னும் பச்சைக் கல்லையும் துணைக்கொண்டனர். உடல்வலியால் அவனெதிர் நிற்பார் மிகச் சிலரே.

இக்குறையை நிரப்ப வந்தவர் எழுத்தில் முதிர்ந்த புலவர் அல்லர். பள்ளிச் சிறுவர் ஒருவர். ஜிம் ஷூட்டர் என்பார் 1951-இல் பிட்ஸ்பர்க் நகரத்திற் பிறந்தவர். குடும்பத்தின் வறுமையைத் தீர்க்கக் கருதித் தமது பதின்மூன்றாம் வயதிலேயே கதை எழுதி, ஓரளவு படமும் வரைந்து, அஞ்சல் வழியாக மார்ட் வைசிங்கர் என்னும் பத்திராசிரியருக்கு அனுப்பினார். அவர் அவற்றை விலைக்கு வாங்கிக்கொண்டார். அடுத்த ஆண்டில் எழுதியதே பாரசைட்டின் கதை. பள்ளியில் உயிர்நூற் பாடத்திலே ஒட்டுண்ணிகளைப் பற்றிப் படித்தமை அக்கதைக்கு வித்தாயிற்று. எம்முள் எத்துணைப் பேர் அதே பாடத்தைப் படித்துத் தேர்வோடு மறந்தோம்!

1966-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள், ஆக்‌ஷன் காமிக்ஸ் 340-ஆம் இதழில் அக்கதை வெளிவந்தது. ஜென்சன் என்பான் எளிய கூலியாள். தொழிலாளரின் சம்பளப் பணம் கொள்கலம் ஒன்றனுள் மறைத்து வைக்கப்பட்டுள்ளது என்று எண்ணி, அதனைக் களவாகத் திறந்தான். உள்ளே இருந்தது பணமன்று, நச்சுக் கழிவு. அது பட்டமையால் அவன் உருத்திரிந்தான். பிறர் ஆற்றலை உண்டன்றி உயிர்வாழ இயலாதவன் ஆயினான். சூப்பர்மேனை அணுகியபோதோ அவனுக்குப் பெருவிருந்து வாய்த்தது. உண்ண உண்ண வலி பெருகிற்று, வீரனோ தளர்ந்தான். இறுதியில் வீரனுடைய ஆற்றல் முழுவதையும் கவர முயன்றான். அத்துணைப் பேராற்றலைத் தாங்கமாட்டாது அவன் உடல் வெடித்துச் சிதறிற்று. சூப்பர்மேன் அவனைக் கையால் வென்றிலன் என்பது நோக்கத்தக்கது.

இவ்வமைப்பின் சிறப்பு யாதெனின், தலைவனுடைய வலிமையே பகைவனுடைய வலிமையாதல். தலைவன் எவ்வளவு பெரியவனோ அவ்வளவு பெரியவன் பகைவனும் ஆவான். அணுகாமற் போரிடல் இயலாது, அணுகினாலோ தோல்வி. தமிழ் கற்பார்க்கு ஈண்டு வாலியின் நினைவு வாராமற் போகாது. எதிர்த்துப் பொருவாருடைய வலியிற் பாதி அவனைச் சார்தல் அவன் பெற்ற வரம் என்பது கம்பர் காப்பியத்தால் யாம் அறிந்ததே. ஆயினும் இருவருக்கும் வேற்றுமை மிகப் பெரிது. வாலி வரம் இன்றியும் பெருவீரன், பாதியோடு அமைபவன், பெற்றதைக் கொண்டு ஒரு நாட்டை ஆண்டவன். ஜென்சனோ உணவு இல்லையேல் வெறுங்கூடு. வாலியின்பால் வரமாய் நின்றது இவன்பால் பசியாய் நிற்கின்றது. படைத்தவருடைய நுண்ணறிவு இங்கேதான் விளங்குகின்றது என்போம்.

மரக்கிளையில் வளரும் புல்லுருவியை யாவரும் கண்டிருப்பர். அது தன் உறிஞ்சு வேரை மரத்தினுள் செலுத்தி நீரையும் உப்புக்களையும் கவரும். ஆயினும் தன் பச்சை இலையால் வெயிலைக் கொண்டு தானும் உணவு சமைத்துக்கொள்ளும். ஆதலின் அதனை அரைத்திருடன் எனலாம். இலையும் பசுமையும் இன்றி மஞ்சள் நூல்போற் செடிகளின்மேற் படரும் ஒட்டுக்கொடியோ முழுத்திருடன். பாரசைட் இப்பின்னதன் இனத்தவன். சூப்பர்மேனுடைய ஆற்றல் நம் ஞாயிற்றின் ஒளியால் வருவது என்று பிற்காலக் கதைகள் கூறும். அவ்வாறாயின் இவன் உண்பதும் வெயிலேயாம். ஆனால் நேரே உண்ணும் பேறு இவனுக்கு இல்லை, மற்றொருவன் உண்டு செரித்ததையே உண்கின்றான். மேலும், ஆற்றலோடு குற்றமும் உடன்வரும். சூப்பர்மேனை உண்டபோது கிரிப்டனைட்டினால் வரும் துன்பமும் இவனைச் சாரும் என்று கதைகள் உரைக்கின்றன. களவாடிய பொருளிற் பாதியை வேண்டாவென விலக்க இயலாதன்றோ!

நிற்க. ஆற்றலை ஈர்க்கும் தீயோர் வேறு சிலரும் உளர். 1980-இல் எக்ஸ்-மென் இதழில் தோன்றிய செபாஸ்டியன் ஷா என்பான் தன்மேல் விழும் அடியின் விசையையே வலிமையாக்கிக்கொள்வான். ஆனால் அவன் செல்வன், பசியறியான். அதனால் அவன்மேல் எமக்கு வியப்பு உண்டாகின்றதேயன்றி இரக்கம் உண்டாவதில்லை.

வெடித்து இறந்த ஜென்சனை 1968-இல் மீண்டும் உயிர்ப்பித்தனர். விற்பனை கருதுவார்க்கு இறப்பும் தடையன்று போலும்! பின்னர் 1987-இல் ஃபயர்ஸ்டார்ம் என்னும் வீரனுடைய இதழில் ரூடி ஜோன்ஸ் என்னும் இரண்டாவது பாரசைட் தோன்றினான். இவன் பிட்ஸ்பர்க் நகரத்து ஆராய்ச்சிக்கூடத்தில் துப்புரவு செய்வோன். முதற்படைப்பாளர் பிறந்த ஊரே இவனுக்கும் ஊராயிற்று. தார்க்சைட் என்னும் கொடியோன் இவன் மனத்தை மயக்கிக் கழிவுக் கொள்கலத்தைத் திறப்பித்தான்.

இவ்விருவருள் எவன் நன்கு அமைந்தவன்? பின்னவனையே பலர் போற்றுவர். ஊதா நிற மேனியும் அகன்ற வாயும் கொண்ட அவன் உருவமே இன்று யாவர்க்கும் பழக்கமானது. யாம் முன்னவனையே தெரிவோம். ஜென்சன் தன் ஆசையால் தானே மூடியைத் திறந்தான். அவன் வீழ்ச்சி அவனுக்கே உரியது. ஜோன்ஸின் கையைப் பிறனொருவன் இயக்கினான். அதனாற் பழி பாதி குறைகின்றது, கதையின் வன்மையும் அவ்வளவே குறைகின்றது. எனினும் ஜோன்ஸின் கதையில் ஒரு பகுதி முன்னவன் கதையில் இல்லாத ஆழம் உடையது. டார்வல் ஃப்ரீமன் என்னும் அறிஞரை அவன் உண்டபொழுது, அவருடைய உடலாற்றலோடு அறிவும் நினைவும் அவனுட் சென்றன. உடலாற்றல் செலவாகிவிட்டது; அறிஞரோ அழிந்திலர். உண்டவனுடைய தலைக்குள்ளேயே இருந்து அவனோடு பேசினார், அறிவுரை கூறினார், வழக்காடினார். அன்று முதல் அந்தத் துப்புரவுத் தொழிலாளி தனியே இருந்த நேரம் இல்லை.