உப்புக்காற்றும் வீட்டு ஒழுங்கும்

மரக்காணத்து உப்பளங்களிலிருந்து கோட்டக்குப்பம் வரையுள்ள கரையோரத்தில் வீடு கட்டுவோர், சுவருக்கும் கூரைக்கும் காட்டும் அக்கறையை உள்ளே சாமான்களை வைக்கும் முறையில் காட்டுவதில்லை. புதிய வீடுகளைப் பார்வையிடச் செல்லுங்கால் நான் முதலில் காண்பது, பெரும்பாலும் சன்னலை மறைத்து நிற்கும் இரும்புப் பீரோவையே. இதைக் குறை கூற எனக்கும் உரிமை குறைவுதான். என் வீட்டிலும் அவ்வாறே வைத்திருந்து, சில ஆண்டுகளில் அதன் அடித்தகடு துருவேறி உதிரக் கண்டவன் நான்.

கடற்காற்றில் வரும் உப்புத்துகள் இரும்பின்மீது படிந்து, ஈரத்தை ஈர்த்துக்கொண்டு துருவேறுதலை விரைவுபடுத்துகிறது. காற்று நுழையாத மூலையில் அவ்வீரம் எளிதில் உலர்வதில்லை. துணிகள் பூஞ்சணம் பிடிக்கின்றன. விதைநெல்லும் முளைப்புத்திறனை இழக்கிறது.

இதற்கான நல்லதொரு பாடம் சில மைல் தொலைவில், புதுச்சேரியிலேயே இருக்கிறது. அரவிந்தர் ஆசிரமத்தைச் சேர்ந்த 'கோல்கொண்ட்' விடுதியே அது. ஐதராபாத் சமஸ்தானத்திலிருந்து கிடைத்த பொருளுதவியின் நினைவாக அப்பெயர் பெற்ற இவ்விடுதியை, டோக்கியோவில் தொழில் நடத்திய செக் நாட்டுக் கட்டடக் கலைஞர் அந்தோனின் ரேமண்டு திட்டமிட்டார். கட்டட வேலை 1937-ஆம் ஆண்டு தொடங்கியது. அதன் நீண்ட பக்கங்கள் வடக்கையும் தெற்கையும் நோக்கியவை. கண்ணாடிச் சன்னல்களுக்குப் பதிலாக, வேண்டியபடி திருப்பத்தக்க கிடைப்பலகைகள் உள்ளன. அறைக் கதவுகளும் இடைவெளி விட்டுச் செய்யப்பட்டவையாதலால், அவை மூடியிருப்பினும் காற்று குறுக்கே கடந்து செல்லும். ஜார்ஜ் நகஷிமா வடிவமைத்த தேக்குச் சாமான்களோ மிகச் சில. கிடைப்பலகைகள் கல்நார் சிமெண்டால் ஆனவை. கல்நார் நுரையீரலுக்குக் கேடு விளைப்பதென்று இன்று நாம் அறிவோமாதலால், அப்பொருளை மட்டும் பின்பற்றலாகாது. மரச்சட்டங்களே போதும்.

360 சதுர அடி வீட்டில் இது இயலுமா என்று கேட்கலாம். எதிரெதிராக இரு திறப்புகள் இருந்தால் இயலும். பீரோவைச் சன்னலற்ற சுவரோரம், நான்கு விரல் இடைவெளி விட்டு, மரக்கட்டைகளின்மேல் நிறுத்துக. தானிய மூட்டைகளுக்குப் பலகை வேண்டும். உப்பளத்திலிருந்து வரும் மண்வெட்டியும் ஈரத்துணியும் பின்தாழ்வாரத்தோடு நின்றுவிடட்டும். பித்தளைக் கீல்கள் விலை கூடியவைதாம். சன்னல்களுக்காவது அவற்றைப் பொருத்தலாம்.

ஊராட்சி உறுப்பினர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடித்தளத்திற்குக் கயிறு கட்டும் நாளில் வீட்டுப் பெண்களையும் மனையில் நிற்கச் செய்து, கட்டில், அடுப்பு, பீரோ ஆகியவற்றின் இடங்களைச் சுண்ணாம்பால் குறித்துக்கொள்ளுங்கள். சன்னல்களின் இடத்தை அதன் பிறகு தீர்மானிக்கலாம். கொத்தனார் தம் வழக்கப்படி சன்னல் நிலைகளை நிறுத்திவிட்டால், மூன்றடிப் பீரோவுக்கு வேறு சுவர் கிடைப்பதில்லை.